ஆளில்லாத ஊரில் அட்டெண்டன்ஸ் ஃபுல்... ஜப்பானின் பொம்மை கிராமம்!

பஸ் ஸ்டாப்பில் சிலர் உட்கார்ந்திருக்கிறார்கள். பஸ் வந்தாலும் ஏறுவதில்லை. வழி கேட்கலாமே என்று கிட்டே போனால்தான் தெரிகிறது... அத்தனையும் பொம்மை!

ஜப்பானின் ஷிகோகு தீவில், இயா பள்ளத்தாக்கில் இருக்கிறது நாகோரோ கிராமம். ஒருகாலத்தில் சுமார் 300 பேர் வாழ்ந்த ஊர். 2019-ல் மிச்சமிருந்தவர்கள் 30 பேருக்கும் குறைவு. பொம்மைகளோ 300-க்கும் மேல். தேர்தல் வைத்தால் பொம்மைக் கட்சிக்குத்தான் மெஜாரிட்டி!

எல்லாம் ஆயனோ சுகிமி என்ற பெண்மணியின் கைவேலை. ஒசாகாவில் இருந்த அவர், வயதான அப்பாவைப் பார்த்துக்கொள்ள 2000-களின் தொடக்கத்தில் ஊர் திரும்பினார். தோட்டத்தில் போட்ட விதைகளைப் பறவைகள் தின்றுவிட, அப்பாவின் சாயலில் ஒரு சோளக்கொல்லை பொம்மை செய்து நிறுத்தினார். அந்த வழியாகப் போன அக்கம்பக்கத்தார், நிஜ அப்பா என்று நினைத்து பொம்மைக்கு வணக்கம் வைத்தார்கள்!

பிறகு இறந்துபோனவர்கள், ஊரைவிட்டுப் போனவர்கள் என ஒவ்வொருவரையும் மரக்கட்டை, செய்தித்தாள், பஞ்சு, பழைய உடுப்புகளால் 'திரும்ப' அழைத்துவந்தார் சுகிமி. ஒரு பொம்மை வயலில் வேலை பார்க்கிறது. இன்னொன்று திண்ணையில் இளைப்பாறுகிறது.

நெஞ்சை உலுக்குவது பள்ளிக்கூடம்தான். கடைசி இரண்டு மாணவர்கள் படிப்பை முடிக்க, 2012-ல் பள்ளிக்குப் பூட்டு விழுந்தது. இன்று வகுப்பறை நிறைய பொம்மைப் பிள்ளைகள். யாரும் லீவு போடுவதில்லை. யாரும் பாஸாகி வெளியே போவதும் இல்லை. அந்தக் கடைசி மாணவர்கள் இருவரும் தங்கள் உடுப்பிலேயே பொம்மைகளாக அங்கே உட்கார்ந்திருக்கிறார்கள்.

வேலை தேடி இளைஞர்கள் நகரங்களுக்குப் போக, முதியவர்கள் மட்டும் மிஞ்சிய ஊர்கள் ஜப்பானில் ஏராளம். 2023-ல் எடுத்த கணக்கெடுப்பில், ஆளில்லாமல் கிடந்த வீடுகள் மட்டும் சுமார் 90 லட்சம்!

போக விரும்புகிறவர்கள் ஒபோகே ரயில் நிலையத்தில் இறங்கி, குறுகலான மலைச்சாலையில் காரில் போகலாம். அக்டோபர் மாதம் நடக்கும் பொம்மைத் திருவிழாவுக்கு வெளியூர்க் கூட்டம் வரும். அன்று ஒருநாள் ஊரில் நிஜக் குழந்தைகளின் சத்தம் கேட்கும்.

வெயிலிலும் மழையிலும் நிற்கும் பொம்மைகள் சில வருடங்களில் நைந்துவிடும். அவற்றை எடுத்துவிட்டுப் புதிது செய்து வைக்கிறார், 70 வயதைத் தாண்டிவிட்ட சுகிமி. அவருக்குப் பிறகு யார் செய்வார்கள்? ஊரில் பொம்மைகளுக்கு ஆள் பஞ்சமில்லை. பொம்மை செய்யத்தான் ஆளில்லை!