ஒளி செல்லும் வளைவு

ஒளியிழை வடம் எங்கள் இல்லத்திற்கு வந்த நாளில், கடல்கடந்து உழைத்து ஈட்டிய பொருளால் எழுப்பிய சுவரைத் துளையிட வாப்பா இசையவில்லை. பேத்தியின் படிப்போ இணைப்பை வேண்டி நின்றது. பணியாற்ற வந்த இளைஞர் வாதிடவில்லை. சன்னல் வழியே வடத்தைச் சுற்றிக் கொணர்ந்தார். மூலைகளிலும் மடிக்காமல் அகன்ற வளைவாகவே பொருத்தினார்.

காரணம் எளிது. மயிரிழை போன்ற கண்ணாடிக்குள் ஒளி முழு அக எதிரொளிப்பால் செல்கிறது. வளைவு கடுமையானால் வெளியே கசிந்துவிடும். இவ்விழையின் வழியே நெடுந்தொலைவு செய்தி அனுப்ப இயலுமென 1966இல் ஆய்ந்துரைத்த சார்லஸ் காவோ, 2009இல் நோபல் பரிசு பெற்றார்.

முதியோர் உள்ளமும் அத்தகையதே. மெல்ல வளையும், மடிக்க முயன்றால் ஒளி நின்றுவிடும். மாணவச் செல்வங்களே, சுவரைத் துளைக்காமலும் வழி உண்டு. அது சற்று நீளமானது, அவ்வளவே.