பரங்கி என்னும் பெயர்

விமானம் தலைக்கு மேலே செல்லும்போது பேச்சை நிறுத்திக்கொள்வதும், அது கடந்துபோனதும் விட்ட இடத்திலிருந்து தொடர்வதும் எங்கள் பகுதி மக்களின் வழக்கம். வெளியூரிலிருந்து வரும் உறவினர்கள் காதைப் பொத்திக்கொள்வார்கள். நாங்கள் வாயை மூடிக்கொள்வோம். முப்பது ஆண்டுகள் தமிழாசிரியனாகப் பணியாற்றியவன் நான். இரைச்சல் ஓயும் வரை சுண்ணக்கட்டியைக் கையில் பிடித்தபடி காத்து நின்ற நிமிடங்களைக் கூட்டினால் சில நாட்களாவது தேறும்.

சென்னை விமான நிலையத்திற்கு அருகே, பரங்கிமலையின் அடிவாரத்தில் எங்கள் வீடு இருக்கிறது. 1956இல், எனக்கு ஆறு வயதாக இருந்தபோது, செங்கற்பட்டுப் பக்கத்துச் சிற்றூர் ஒன்றிலிருந்து என் தந்தை எங்களை இங்கே அழைத்து வந்தார். இராணுவக் குடியிருப்பில் அவருக்குத் தோட்ட வேலை. மின்சார இரயிலிலிருந்து இறங்கியதும், பெயர்ப் பலகையை எழுத்துக் கூட்டிப் படித்த நான், "பரங்கின்னா என்னப்பா?" என்று கேட்டேன். "வெளியூர்க்காரன்டா. நம்மள மாதிரி" என்றார் அவர்.

அவர் சொன்னது அகராதிப் பொருள் அன்று. 'பிராங்கு' என்னும் ஐரோப்பிய இனப்பெயர் அரபு, பாரசீக மொழிகளின் வழியே திரிந்து, கடல் கடந்து வந்த வெள்ளையரைக் குறிக்கும் 'பரங்கி' ஆயிற்று. பிருங்கி முனிவர் தவம் செய்த மலை என்பதால் வந்த பெயர் என்று சொல்வோரும் இங்கு உண்டு. ஆயினும், இப்பகுதியின் வரலாற்றைப் படிக்கப் படிக்க, என் தந்தையின் விளக்கமே சரி என்று எனக்குத் தோன்றியிருக்கிறது.

ஏறத்தாழ முந்நூறு அடி உயரமே உள்ள இம்மலையில் திருத்தூதர் தோமா மறைசாட்சியாக உயிர் நீத்தார் என்பது நம் முன்னோர் வழிவழியாகக் காத்துவந்த மரபு. 1523இல் போர்த்துக்கீசியர் மலையுச்சியில் ஆலயம் எழுப்பினர். 1547இல் அங்கு அடித்தளம் தோண்டியபோது, சுற்றிலும் எழுத்து வெட்டப்பட்ட சிலுவைக் கல் ஒன்று கிடைத்தது. இன்று பீடத்தின் பின்சுவரில் நாம் கண்டு வணங்கும் கல் அதுவே. 1558ஆம் ஆண்டு டிசம்பர் 18 அன்று, திருப்பலி வேளையில் அதில் இரத்தம் கசிந்தது என்று சொல்லப்படுகிறது. பேறுகாலத்தை எதிர்நோக்கியிருக்கும் அன்னை மரியாவின் திருநாளும் அதே நாள்தான்.

அதன்பின் வந்தவர்கள் எத்தனை பேர்! ஆர்மீனிய வணிகர் கோஜா பெட்ரூஸ் உஸ்கான், திருப்பயணிகளுக்காக மலைக்குப் படிகள் அமைத்தார். சைதாப்பேட்டையில் அடையாற்றின் குறுக்கே 1726இல் பாலம் கட்டினார். 1759இல் பிரெஞ்சுப் படையும் ஆங்கிலேயப் படையும் இம்மலையருகே மோதிக்கொண்டன. 1769இல் ஐதர் அலி தம் குதிரைப் படையோடு இதுவரை வந்து, ஆங்கிலேயரை உடன்படிக்கைக்கு இணங்க வைத்தார். பின்னர் ஆங்கிலேயரின் பீரங்கிப் படை இங்கே நிலைகொண்டது. 1802 ஏப்ரலில் வில்லியம் லாம்ப்டன் என்பவர் நூறடி எஃகுச் சங்கிலியைக் கொண்டு, மலையடிவாரத்திலிருந்து தெற்கே ஏழரை மைல் தொலைவை அளந்தார். இமயம் வரை நீண்ட இந்திய நில அளவைக்கு அதுவே முதற்கோடு.

அருகிலுள்ள பல்லாவரத்திற்கு இன்னும் நீண்ட வயது. 1863இல் இராபர்ட் புரூஸ் ஃபூட் அங்கே கண்டெடுத்த கற்கருவி, இந்நாட்டில் பழைய கற்கால மனிதர் வாழ்ந்ததற்கு முதற்சான்று ஆயிற்று. முதலாம் மகேந்திரவர்மன் குடைவித்த குகைக் கோயில் ஒன்றும் அவ்வூரில் உண்டு. மன்னனின் பட்டப்பெயர்கள் அதில் வரிசையாக வெட்டப்பட்டுள்ளன. இன்று அது தர்காவாக விளங்குகிறது. அரசனின் பெயர்களுக்குக் கீழே நின்று இசுலாமிய அன்பர்கள் இறைவேண்டல் செய்கிறார்கள்.

நான் சிறுவனாக இருந்தபோது, எங்கள் தெருவில் ஆங்கிலோ-இந்தியக் குடும்பங்கள் மிகுதி. இரயில்வேயிலும் தபால் தந்தித் துறையிலும் பணிபுரிந்தவர்கள். கிறிஸ்து பிறப்புக் காலத்தில் அவ்வீடுகளிலிருந்து வரும் கேக் மணமும் கிராமபோன் இசையும் இன்னும் நினைவில் நிற்கின்றன. ஒவ்வொரு குடும்பமாக ஆஸ்திரேலியாவுக்கும் இங்கிலாந்துக்கும் போய்விட்டது. ஞாயிற்றுக்கிழமைகளில் அப்பா எங்களை மீனம்பாக்கம் பழைய நிலையத்திற்கு விமானம் பார்க்க அழைத்துச் செல்வார். அங்கே பல தடவை, எங்கள் தெருக்காரர்களையே கண்ணீரோடு வழியனுப்பியிருக்கிறோம். 1980களில் திரிசூலம் பக்கம் புதிய முனையங்கள் எழுந்தபின், வழியனுப்புவது எங்கள் முறையாயிற்று. வளைகுடா நாடுகளுக்குப் போகாத பிள்ளையுள்ள வீடு அரிதாயிற்று.

என் ஒரே மகனும் துபாய்க்குப் போனான். "நாலு மணி நேரம்தாம்பா. நீங்க இருக்கிறதோ ஏர்போர்ட் பக்கத்துல. ஒரு போன் போட்டா, சாயங்காலத்துக்குள்ள வந்து நிப்பேன்" என்பான். அதை நாங்கள் முழுமையாக நம்பினோம். ஒவ்வொரு விமானம் தாழப் பறக்கும்போதும், "இதுலகூட அவன் வரலாம்" என்று என் துணைவி சொல்லிச் சிரிப்பாள்.

2015ஆம் ஆண்டு டிசம்பர் 1. அன்று பெய்த மழையை இந்நகரில் வாழ்ந்த எவரும் மறந்திருக்க முடியாது. அடையாறு கரைபுரண்டது. இரவில் ஓடுபாதையில் வெள்ளம் புகுந்து விமான நிலையம் மூடப்பட்டது. எங்கள் தெரு சற்று மேடு. வீட்டுக்குள் தண்ணீர் வரவில்லை. ஆனால் மின்சாரம் இல்லை, தொலைபேசி இல்லை. மறுநாள் விடியற்காலையில், நெடுநாளாக இதய நோயுற்றிருந்த என் துணைவி, என் கையைப் பிடித்தபடியே இறைவனடி சேர்ந்தாள்.

மகனுக்குச் செய்தி போய்ச் சேர மாலையாயிற்று. செய்தி சேர்ந்தும் பயனில்லை. பதினேழு ஆண்டுகளாக எங்களுக்கு ஆறுதலாக இருந்த அந்த ஓடுபாதை நீருக்கடியில் கிடந்தது. வானத்தில் அன்று ஓசையே இல்லை. அப்படியொரு அமைதியை அதற்கு முன் நான் இங்கே அறிந்ததில்லை.

குளிர்பெட்டி கிடைத்தாலும் மின்சாரம் இல்லாமல் பயனில்லை; உடலை நெடுநேரம் வைத்திருக்க இயலாது. சவப்பெட்டிக் கடைகள் மூடிக் கிடந்தன. அப்போது, எதிர்வரிசையில் தச்சுப் பட்டறை வைத்திருந்த பாய் வந்தார். யாருக்கோ கதவு செய்ய வாங்கி வைத்திருந்த பலகைகளை அறுத்து, மெழுகுவத்தி வெளிச்சத்தில் இரவெல்லாம் உட்கார்ந்து பெட்டி செய்தார். மூடியின்மேல் சிலுவை வைக்க வேண்டுமே என்று நான் தயங்கினேன். அவரே இரண்டு மரச் சட்டங்களை இழைத்துப் பொருத்தி, "நேரா இருக்குதா பாருங்க சார்" என்று கேட்டார்.

தூக்கிச் செல்ல ஆள் இல்லை. தெருவிலிருந்த இளைஞர்கள் பலர், படகுகளோடு மணப்பாக்கத்திற்கும் சைதாப்பேட்டைக்கும் உதவப் போயிருந்தார்கள். எங்கள் வீட்டின் மேல்தளத்தில் மெட்ரோ இரயில் கட்டுமானத்தில் வேலை செய்த நான்கு இளைஞர்கள் குடியிருந்தார்கள். ஜார்க்கண்ட் மாநிலத்தவர். இரவில் சத்தமாகப் பாட்டு வைக்கிறார்கள், தண்ணீரை வீணாக்குகிறார்கள் என்று அவர்களைக் காலி செய்யச் சொல்ல நினைத்திருந்தேன். அவர்கள் நால்வரும் இறங்கி வந்து, நான் கேட்பதற்கு முன்பே பெட்டியைத் தோளில் ஏற்றிக்கொண்டார்கள். முழங்கால் அளவு நீரில் பங்குத் தந்தை முன்னே நடந்தார். கல்லறைத் தோட்டத்தில் மந்திரிப்பு முடிந்ததும், ஒருவன் தன் கழுத்துச் செபமாலையைச் சட்டைக்குள்ளிருந்து வெளியே எடுத்தான். நால்வரும் அவர்கள் மொழியில் ஒரு பாடலைப் பாடினார்கள். அவர்கள் கத்தோலிக்கர் என்பதே அந்தக் கணத்தில்தான் எனக்குத் தெரியும். எட்டு மாதங்கள் என் தலைக்கு மேலே குடியிருந்தவர்கள்.

என் மகன் பெங்களூரு வழியாக ஐந்தாம் நாள் வந்து சேர்ந்தான். கல்லறையில் நெடுநேரம் மண்டியிட்டிருந்தான். அவன் அழுகையைவிட அவன் கேட்ட கேள்விதான் என்னை இன்றும் வருத்துகிறது. "பெட்டி செஞ்சவருக்கு நன்றி சொல்லணும்ப்பா. அவர் பேரு என்ன?"

எனக்குத் தெரியவில்லை. இருபது ஆண்டுகள் எதிரெதிரே வாழ்ந்திருக்கிறோம். பாய் என்றே அழைத்திருக்கிறேன். மேல்தளத்து இளைஞர்களை 'வடநாட்டுப் பசங்க' என்றே குறிப்பிட்டிருக்கிறேன். தெரு முழுவதும் அப்படித்தான். வந்தவர் யார் என்று விசாரிக்காமல், எல்லாருக்கும் பொதுவாகப் பரங்கி என்று ஒரு சொல்லை வைத்துவிட்ட ஊர் இது. அந்தச் சொல்லை வகுப்பறையில் பிழையறப் பதம் பிரித்துச் சொல்லிக்கொடுத்த ஆசிரியன் நான்.

மறுநாள் பட்டறைக்குப் போய் அவர் பெயரைக் கேட்டேன். அவர் சிரித்தார். "இத்தன வருஷமா பாய்னுதானே சார் கூப்பிடுறீங்க. இப்ப என்னா புதுசா?" என்றார். பிறகு, தம் பெயரையும் தம் தந்தையின் பெயரையும் சேர்த்துச் சொன்னார். என் செபப் புத்தகத்தின் முதற்பக்கத்தில் அதை எழுதி வைத்திருக்கிறேன். மேல்தளத்து இளைஞர்களிடம் கேட்க எனக்குக் கொடுத்து வைக்கவில்லை. வெள்ளத்தால் வேலை நின்றுபோக, அந்த வாரத்திலேயே வேறு ஊருக்கு அவர்களை அனுப்பிவிட்டார்கள். அடுத்த ஆண்டு செப்டம்பரில் விமான நிலையம் வரை மெட்ரோ இரயில் ஓடத் தொடங்கிய அன்று, அந்தத் தூண்களைப் பார்த்துக்கொண்டு நின்றேன். எந்தத் தூணிலும் அவர்கள் பெயர் இல்லை.

மலைமேல் இருக்கும் சிலுவைக் கல்லின் எழுத்துகள் பாரசீக நாட்டுப் பழைய மொழியான பகலவி. அவற்றை அறிஞர்கள் பலவாறு படித்திருக்கிறார்கள். அண்மைக்கால வாசிப்பு ஒன்றின்படி, அது மறையியல் வாசகம் எதுவும் அன்று, எளிய வேண்டுதல். சப்ரீசோ என்னும் பெயருடைய ஒருவர், தம் தந்தையின் பெயரையும் பாட்டனின் பெயரையும் சொல்லி, ஆண்டவர் கிறிஸ்து தம்மீது இரங்க வேண்டும் என்று மன்றாடுகிறார். ஆயிரம் ஆண்டுகளுக்கும் முன்பு வாழ்ந்த ஓர் அயல்நாட்டார், தம் பெயர் அழிந்துவிடக் கூடாது என்று கல்லில் வெட்டுவித்தார் போலும். சிறு வயது முதல் அக்கல்லைத் தொட்டு வணங்கியிருக்கிறேன். அதில் ஒரு மனிதனின் பெயர் இருக்கக்கூடும் என்று எனக்குத் தோன்றியதே இல்லை.

இப்போது என் மகன், வீட்டை விற்றுவிட்டுத் தன்னோடு வந்துவிடும்படி வற்புறுத்துகிறான். தரகர்களும் வந்து போகிறார்கள். 'விமான நிலையத்துக்கு மிக அருகில்' என்பதே அவர்கள் இவ்வீட்டுக்குச் சொல்லும் முதற்சிறப்பு. நான் இன்னும் இசையவில்லை. ஒவ்வோர் ஆண்டும் டிசம்பர் 18 அன்று மலைக்குச் செல்கிறேன். படியேற முழங்கால் இடங்கொடுப்பதில்லை. ஆட்டோவில் பின்பாதை வழியாகப் போகிறேன். சப்ரீசோவின் கல்லுக்கு முன் நின்று, என் துணைவிக்காகவும், அவளைச் சுமந்த நால்வருக்காகவும் வேண்டுகிறேன். அவர்கள் பெயரைச் சொல்ல வேண்டிய இடம் வந்ததும், என் செபம் சற்று நின்றுதான் தொடர்கிறது.

சென்ற மாதம் மேல்தளத்திற்கு அசாமிலிருந்து ஓர் இளம் தம்பதியர் குடிவந்தார்கள். முன்பணம் பற்றிப் பேசுவதற்கு முன், அவர்கள் பெயரைக் கேட்டேன். அந்தப் பெண் சொல்ல வாயெடுத்தபோது, விமானம் ஒன்று தாழப் பறந்தது. அவள் காதைப் பொத்திக்கொண்டாள். இரைச்சல் ஓயும் வரை காத்திருந்து, இன்னொரு முறை சொல்லச் சொன்னேன்.