தண்ணீரில்லாக் காடு

"தண்ணீரில்லாக் காட்டுக்கு மாற்றிவிடுவேன்" என்று மேலதிகாரி மிரட்டுவது நம் நாட்டில் வெகு காலமாய் வழங்கிவரும் வசனம். காவிரிக் கால்வாய்களின் நடுவே வாழும் தஞ்சை ஜில்லாக்காரர்களாகிய நமக்கு அதன் காரம் சற்று அதிகமாகவே உறைக்கும். சட்டப்படி மாற்றல் ஒரு தண்டனையன்று. ஆகையால் குற்றச்சாட்டு வேண்டாம், விசாரணை வேண்டாம். "நிர்வாக நலனை முன்னிட்டு" என்று எழுதினால் போதும். ஒரு குடும்பம் மூட்டை முடிச்சுக் கட்டிவிடும்.

இதை நியாயஸ்தலம் கேட்கலாகாதா? பெரிய விடை நம் தமிழ்நாட்டு வழக்கொன்றிலேயே பிறந்தது. 1969-இல் தலைமைச் செயலாளராகப் பொறுப்பேற்ற ராயப்பா, 1972 ஏப்ரலில் திட்டக் குழுவின் துணைத் தலைவராகவும், ஜூனில் விற்பனை வரிச் சட்டங்களைத் திருத்தும் விசேஷ அதிகாரியாகவும் மாற்றப்பட்டார். 1971 தேர்தல் சமயத்தில் தாம் எடுத்த நடவடிக்கைகளால் முதலமைச்சர் கருணாநிதிக்குத் தம்மீது வன்மம் மூண்டது என்பது அவர் கட்சி. (முதலமைச்சரும் பழைய தஞ்சை ஜில்லாவின் திருக்குவளைக்காரரே.) சுப்ரீம் கோர்ட்டின் ஐந்து நீதிபதிகள், துவேஷம் ருசுவாகவில்லை என்று 1973 நவம்பரில் மனுவைத் தள்ளினர். ஆயினும் நீதிபதி பகவதி, தமக்கும் சந்திரசூட், கிருஷ்ணய்யர் ஆகியோருக்குமாக எழுதிய தீர்ப்பில், தன்னிச்சையான செய்கை எதுவும் சமத்துவத்துக்கு விரோதமே என்று வகுத்தார். மனுதாரருக்கு ஒன்றும் கிட்டவில்லை. அவர் பெயரால் வழங்கும் அவ்விதியைப் பற்றிக்கொண்டு பிற்பாடு எத்தனையோ பேர் கோர்ட்டு ஏறியிருக்கிறார்கள்.

ஏறியவர்கள் எல்லாரும் ஜயித்தார்களில்லை. பீகாரில் ஆரம்பப் பள்ளி ஆசிரியைகள் சிலரைக் கணவன்மார் இருக்கும் ஊருக்கு மாற்றியபோது, அதனால் இடம் இழந்தவர்கள் வழக்காடினர். பாட்னா ஹைகோர்ட் அம்மாற்றல்களை ரத்துச் செய்தது. 1990-இல் சுப்ரீம் கோர்ட், ஓரிடத்திலேயே இருக்க எவருக்கும் உரிமையில்லை. சட்ட விதியை மீறினாலன்றி, அல்லது துவேஷம் இருந்தாலன்றி, கோர்ட்டு தலையிடலாகாது என்று அதை மாற்றிற்று. இதை நாம் குறை கூறவில்லை. எல்லா உபாத்தியாயர்களும் கும்பகோணத்தையே கேட்டால் கோடியக்கரைப் பிள்ளைகளுக்கு யார் பாடம் சொல்வது?

நமது சங்கடம் வேறு. துவேஷத்தை ருசுப்பிக்க வேண்டியவர் மாற்றப்பட்டவர். அதற்கான காகிதமோ மாற்றியவரின் பீரோவில் இருக்கிறது. நாம் அறிந்த உபாத்தியாயர் ஒருவர், சத்துணவு அரிசியின் எடை குறைவதைப் பற்றி இருமுறை எழுதிக் கேட்டார். அவ்வருஷமே, அரைப் பரீட்சைக்கு முன்பு, நூறு கிலோமீட்டருக்கு அப்பால் மாற்றல் வந்தது. பெண் பத்தாம் வகுப்பு. எடைக்கும் மாற்றலுக்கும் சம்பந்தம் உண்டென்று ஊரார் அனைவரும் சொல்லுவர். ஹைகோர்ட்டின் மதுரைக் கிளையில் மனுப் போட்டு எதைக் காட்டுவது? "முதலில் போய்ச் சேருங்கள்" என்றார் வக்கீல். அவர் சேர்ந்துவிட்டார், மனு எழுதப்படவேயில்லை.

தண்டனைக்குப் பதிலாக மாற்றலைப் பிரயோகிப்பது செல்லாது என்று சோமேஷ் திவாரி வழக்கில் சுப்ரீம் கோர்ட் சொல்லியிருக்கிறது. அவ்வழக்கில் பெயரில்லாத ஒரு புகார்க் கடிதமாவது கைக்கு அகப்பட்டது. நம் நண்பர் போன்றோருக்கு அதுவும் கிடையாது. 2005-ஆம் வருஷத்துத் தகவல் உரிமைச் சட்டப்படி கோப்பைக் கேட்கலாந்தான். பதிலுக்கு முப்பது நாள் தவணை. புது இடத்துக்குப் புறப்பட வேண்டியதோ உடனே. மாற்றலின் உண்மைக் காரணத்தை உத்தரவிலேயே எழுத வேண்டும் என்பதுதான் நமது கோரிக்கை. அசௌகரியங்களை நீதிபதி எடை போட வேண்டாம். எழுதிய காரணம் மெய்யா என்று மட்டும் பார்த்தால் போதும். இதற்குச் சட்டசபை கூட வேண்டியதில்லை. ஒரு சர்க்கார் ஆணை போதும்.