ஒரு புள்ளியின் சரித்திரம்

எங்கள் பாடசாலையின் பூகோள வகுப்பிலே பழைய உலகப்படம் ஒன்று சுவரில் தொங்கிக்கொண்டிருந்தது. அதிலே, பசுபிக் சமுத்திரத்தின் நீலப் பரப்பில், பூமத்திய ரேகைக்குச் சற்றுத் தெற்கே, ஈ எச்சமிட்டாற்போன்ற ஒரு புள்ளி. பக்கத்தில் நுணுக்கெழுத்தில் 'நவுரு' என்று அச்சிட்டிருந்தார்கள். அதைப் பற்றி இருபது வருஷ காலமாக நான் மாணவருக்குக் கொடுத்துவந்த குறிப்பு இரண்டே சொற்கள் கொண்டது: 'நவுரு: பொஸ்பேற்று.' என் ஆசிரியர் எனக்குத் தந்ததும் அதுவே. மலாயா என்றால் றப்பர், கியூபா என்றால் சீனி, இலங்கை என்றால் தேயிலை. நாடுகளைக் கடைச் சாமான்களின் பட்டியலாக மனனஞ் செய்யும் வித்தையையே வெள்ளைக்காரன் பூகோளம் என்று நமக்குக் கற்பித்துவிட்டுப் போனான். நாமும் அதைப் பக்தி சிரத்தையோடு ஒப்புவித்து வந்தோம்.

சில ஆண்டுகளின் முன் ஒருநாள் இந்தக் குறிப்பை நான் சொல்லிக்கொண்டு போகையில், பின் வாங்கிலிருந்த மாணவி ஒருத்தி எழுந்து நின்றாள். "சேர், எங்கட மாமாவை அங்கதான் வைச்சிருந்தவை" என்றாள். வகுப்புச் சிரித்தது. நான் சிரிக்கவில்லை, ஆனால் அவளுக்குச் சொல்ல என்னிடம் மறுமொழி ஒன்றும் இருக்கவில்லை. அந்த வெட்கத்தினாலேயே நான் நவுருவைப் பற்றிப் படிக்கத் தொடங்கினேன்.

அத்தீவின் பரப்பு எட்டுச் சதுர மைல். மணற் கரையோரமாகத் தென்னையும் தாழையும்; நடுவே உயர்ந்த மேட்டு நிலம்; பன்னிரண்டு குலங்களாக வாழ்ந்த ஒரு சிறு மக்கட் கூட்டம். 1798இல் அவ்வழியே வந்த ஆங்கிலக் கப்பற் தலைவன் அதற்கு 'இன்பத் தீவு' என்று பெயரிட்டான். 1888இல் ஜேர்மனி அதைத் தன்னுடையதாக்கிக்கொண்டது. இவ்வளவும் பசுபிக் தீவுகள் எல்லாவற்றிற்கும் பொதுவான கதை. நவுருவுக்கென்று வாய்த்த விதி சிட்னி நகரத்துக் கந்தோர் ஒன்றின் கதவடியிலே கிடந்தது. அக்கந்தோரிலே கதவு சாத்திக்கொள்ளாமல் இருப்பதற்காக ஒரு கல்லை முட்டுக் கொடுத்திருந்தார்கள். நவுருவிலிருந்து யாரோ கொண்டுவந்த கல். கல்லாய்ச் சமைந்த மரம் என்று எண்ணப்பட்டது. 1899இல் அல்பேட் எல்லிஸ் என்ற உத்தியோகத்தர் அதைப் பரிசோதித்தபோது, அது மிக உயர்ந்த தரமுள்ள பொஸ்பேற்று என்று தெரிந்தது. மேட்டு நிலம் முழுவதும் அதே கல்!

1907இல் முதற் கப்பல் நிரம்பிப் புறப்பட்டது. நிலத்துக்குரியவனுக்குத் தொன்னொன்றுக்குக் கிடைத்தது அரைப் பென்னி. 1914இல் அவுஸ்திரேலியப் படை தீவைக் கைப்பற்றியது. யுத்தம் முடிந்தபின் பிரித்தானியா, அவுஸ்திரேலியா, நியூசிலாந்து ஆகிய மூன்று அரசுகளும் கூடி ஓர் ஆணைக்குழுவை அமைத்து, கிடைக்கும் பொஸ்பேற்றை 42, 42, 16 வீதமாகப் பங்கிட்டுக்கொண்டன. சர்வதேச சங்கம் இதற்கு வைத்த பெயர் 'புனிதமான பொறுப்பு'. சுரங்கத்தில் வேலை செய்தவர்கள் பெரும்பாலும் சீனரும் கில்பேட் தீவினரும். கல் உலகச் சந்தை விலைக்கு விற்கப்படவில்லை. அடக்க விலைக்கே அவுஸ்திரேலிய, நியூசிலாந்துக் கமக்காரருக்குப் போயிற்று. அந்நாடுகளின் கோதுமை வயல்களும் மேய்ச்சற் புல்வெளிகளும் பசுமையாய்ச் செழித்தமைக்கு நவுருவின் மேட்டு நிலமும் ஒரு காரணம். நமது மலைநாட்டுத் தோட்டங்களின் வரலாற்றை அறிந்தவர்களுக்கு இதில் விளங்காதது ஒன்றுமில்லை.

என் மனத்தைத் தொட்டது வேறொன்று. தங்கள் இனத்தின் தொகை 1,500க்குக் குறைந்தால் இனமே அழிந்துபோகக்கூடும் என்று நவுரு மக்கள் அஞ்சியிருந்தார்கள். 1920ஆம் ஆண்டளவில் வந்த விஷக் காய்ச்சலில் ஏராளமானோர் மாண்டனர். ஆகவே, 1932இல் ஆயிரத்தைந்நூறாவது குழந்தை பிறந்த நாளை அவர்கள் பெருவிழாவாகக் கொண்டாடினார்கள். அங்காம் திருநாள் என்று இன்றும் ஒக்டோபர் 26இல் அதைக் கொண்டாடுகிறார்கள். நம் காதுக்கு அச்சொல் 'அங்கம்' என்றே ஒலிக்கிறது. ஒரு குழந்தை பிறந்ததை ஒரு தேசமே எண்ணிப் பார்த்து மகிழ்ந்தது என்பதை நான் வேறெங்கும் படித்ததில்லை. ஆனால் பத்து வருஷத்தில் அந்தக் கணக்குப் பொய்த்துவிட்டது. 1942இல் வந்த யப்பானியப் படை, அடுத்த ஆண்டில் தொழுநோயாளர் 39 பேரைத் தோணியிலேற்றிக் கடலிலே மூழ்கடித்தது. 1,200 பேரைத் தொலைவிலுள்ள துருக் தீவுக்குக் கூலிகளாகக் கொண்டுசென்றது. 1946 ஜனவரி 31ஆந் திகதி திரும்பி வந்தவர்கள் 737 பேர்.

திரும்பியவர்களுள் ஓர் இளைஞர் ஹமர் டிரோபேட். தொழிலால் ஆசிரியர். (சக ஆசிரியர்கள் இவ்விடத்திற் சற்று நிமிர்ந்து உட்காரலாம்.) மேட்டு நிலம் தோண்டித் தீர்ந்துவிடும் என்பதைக் கண்டுகொண்ட அவுஸ்திரேலியா, மக்கள் எல்லாரையும் குவீன்ஸ்லாந்துக் கரைக்கப்பாலுள்ள கேட்டிஸ் தீவிற் குடியேற்றிவிடலாம் என்றது. குடியுரிமை தருவோம், இறைமை தரமாட்டோம் என்பது அதன் நிபந்தனை. டிரோபேட் தலைமையில் அவர்கள் 1964இல் அதை மறுத்தார்கள். 1968இல், துருக்கிலிருந்து திரும்பிய அதே ஜனவரி 31இல், நவுரு சுதந்திர நாடாயிற்று. டிரோபேட் முதல் ஜனாதிபதியானார்.

பின்பு பணம் வந்தது, தாராளமாக வந்தது. மெல்பணில் 52 மாடிக் கட்டடம் எழுந்தது. சொந்த விமான சேவை பறந்தது. 1993இல் லண்டனில் ஒரு சங்கீத நாடகத்திற்குக் கூடப் பணத்தைக் கொட்டித் தோற்றார்கள். கடன் முற்றி, 2004இல் அக்கட்டடமும் விலைப்பட்டது. இதைச் சொல்லி எள்ளி நகையாடுவது மேனாட்டுப் பத்திரிகைகளுக்கு ஒரு பொழுதுபோக்கு. அத்தீவின் ஆளுங் கூட்டத்தார் குற்றமற்றவர் என்று நான் வாதாடவில்லை. ஆனால் அறுபது வருஷமாக நிலத்தைத் தோண்டிச் சென்றவர்கள், நூலகத்திற்கோ தொழிற் கல்விக்கோ எவ்வளவு விட்டுச் சென்றார்கள் என்று அப்பத்திரிகைகள் கேட்பதில்லை. கல் எடுத்த இடத்தில் எஞ்சியிருப்பவை, ஆளுயரத்திற்கு மேலெழுந்த கூரிய சுண்ணாம்புப் பாறைகள். தீவின் ஐந்தில் நான்கு பங்கு அப்படி. அங்கே ஒரு கீரைப் பாத்திகூடப் போட முடியாது.

அந்நிலத்தைப் பற்றி விசாரிக்க 1986இல் நவுரு ஓர் ஆணைக்குழுவை நியமித்தது. அதற்குத் தலைமை தாங்கியவர் நம் நாட்டவர்: முன்னாள் உயர் நீதிமன்ற நீதியரசர் சி. ஜி. வீரமந்திரி. நிலத்தைப் புனரமைக்கும் கடன் அந்த மூன்று அரசுகளுக்கும் உண்டு என்று அவருடைய ஆணைக்குழு முடிவுகட்டியது. 1989இல் நவுரு, ஹேக் நகரத்துச் சர்வதேச நீதிமன்றத்தில் அவுஸ்திரேலியாவின் மீது வழக்குத் தொடுத்தது. வீரமந்திரி பின்னர் அதே நீதிமன்றத்தில் நீதியரசரானார். அவ்வழக்கில் மட்டும் அவர் அமரவில்லை. விசாரிக்கத் தனக்கு அதிகாரமுண்டு என்று 1992இல் நீதிமன்றம் தீர்த்ததும், அவுஸ்திரேலியா இணக்கத்திற்கு வந்து, 1993இல் 107 மில்லியன் டொலர் தர ஒப்பியது. நமது எப்பாவலைப் பொஸ்பேற்றுக்கு ஒரு பல்தேசியக் கம்பனி கை நீட்டியபோது, அவ்வூர் மக்கள் தொடுத்த வழக்கில் 2000ஆம் ஆண்டில் நமது உயர் நீதிமன்றம் குறுக்கே நின்றதையும் இங்கே நினைத்துக்கொள்கிறேன்.

கல் தீர்ந்த நிலத்திற்கும் அவுஸ்திரேலியா ஒரு பயனைக் கண்டுபிடித்தது. தன் கரைக்கு வரும் அகதிகளை அடைத்துவைக்க 2001இல் அங்கே முகாம் திறந்தது. 2007இல் கடலில் மறிக்கப்பட்ட 82 இலங்கையர் அங்கே அனுப்பப்பட்டனர். அவர்களிற் பெரும்பாலோர் தமிழர். 2008இல் மூடிய முகாமை 2012இல் மறுபடியும் திறந்தார்கள்.

அடுத்த வாரம் அந்த மாணவியை அழைத்து, மாமா என்ன சொன்னார் என்று கேட்டேன். "பல்லு மாதிரிக் கல்லுகள் எண்டு சொன்னவர் சேர். அங்கத்தைச் சனம் நல்ல சனமாம். இளநி கொடுத்தவையாம்." பிறகு அவளே கேட்டாள்: "இஞ்சயிருந்து அது எவ்வளவு தூரம்?"

என்னிடம் விடை இருக்கவில்லை. ஒரு நூலை எடுத்து, ஒரு நுனியை யாழ்ப்பாணத்தில் அவள் பிடிக்க, மறு நுனியை அந்தப் புள்ளியில் நான் வைத்தேன். அளவுத்திட்டத்தில் வைத்துப் பார்த்தபோது ஏறக்குறைய ஆறாயிரம் மைல் வந்தது. அவள் அதைக் கொப்பியில் எழுதிக்கொண்டாள்.