சாயப்பட்டறைக்காரர் மகளும் வாண்டில் ஆறும்

என் படிப்புச் செலவை நொய்யல் ஆறுதான் சுமந்தது. அலங்காரத்துக்காகச் சொல்லவில்லை. திருப்பூரில் அப்பா வைத்திருந்த சின்னச் சாயப்பட்டறையின் கழிவுத் தண்ணீர் வாய்க்கால் வழியாக ஆற்றுக்குப் போனது. சுத்திகரிக்க ஆகும் செலவு மிச்சமானது. அந்த மிச்சத்தில் நான் கல்லூரிக்குப் போனேன், பிறகு லண்டனுக்கும் வந்தேன். கணக்கியல் படித்தவள் என்பதால் இந்தக் கணக்கு எனக்கு என்றைக்கோ புரிந்துவிட்டது. வாய்விட்டுச் சொல்லத்தான் நாளாயிற்று.

பருத்தித் துணியில் சாயம் ஏற உப்பு வேண்டும். கொஞ்ச நஞ்சம் இல்லை, மூட்டை மூட்டையாக. துணி சாயத்தைப் பிடித்துக்கொள்ளும், உப்பைப் பிடிக்காது. போட்ட உப்பு அலசுகிற தண்ணீரோடு வெளியே வந்துவிடும். நொய்யல் சிவப்பாக ஓடியது, நீலமாக ஓடியது என்று பத்திரிகைகளில் படம் வரும். ஆனால் கீழே இருந்த தோட்டங்களைத் தீர்த்தது படத்தில் விழாத உப்பு. பாசனத்துக்கென்று கட்டி 1992இல் முடித்த ஒரத்துப்பாளையம் அணை சில வருடங்களிலேயே சாயத்தண்ணீர் தேங்கும் இடமாகிவிட்டது. அணையைத் திறந்துவிடுங்கள் என்று விவசாயிகள் கேட்பதுதான் ஊர் வழக்கம். இங்கே திறந்துவிடாதீர்கள் என்று கெஞ்சினார்கள்.

அப்பாவுக்கு இது தெரியாமல் இல்லை. தண்ணீரை நாக்கில் வைத்தே உப்பு எவ்வளவு என்று சொல்லக்கூடியவர் அவர். ஆடிப் பதினெட்டுக்குக் குடும்பத்தோடு பேரூர்ப் படித்துறைக்குப் போவோம். நொய்யலுக்குப் பூப்போட்டு, கண்ணை மூடி நெடுநேரம் கும்பிடுவார். பேரூர் திருப்பூருக்கு மேலே இருக்கிறது. எங்கள் பட்டறைத் தண்ணீர் அங்கே வராது. கும்பிட்ட கையோடு மறுநாள் வால்வைத் திறப்பதில் வீட்டில் யாருக்கும் எதுவும் உறுத்தியதில்லை, எனக்கும்தான். "நம்ம ஒரு பட்டறைத் தண்ணியில ஆறு கெட்டுப்போயிருமா அம்மிணி?" என்பார். எழுநூற்றுச் சொச்சம் பட்டறைக்காரர்களும் அவரவர் வீட்டில் இதையேதான் சொல்லியிருப்பார்கள்.

நொய்யல் ஆயக்கட்டு விவசாயிகள் வழக்குப் போட்டார்கள். சென்னை உயர் நீதிமன்றத்தின் 2006 தீர்ப்பை 2009இல் உச்ச நீதிமன்றமும் உறுதி செய்தது. ஒரு சொட்டுக் கழிவுநீரும் வெளியே போகக் கூடாது. அது நடக்கவில்லை என்று தெரிந்ததும், 2011 ஜனவரியில் அத்தனை சாய, சலவைப் பட்டறைகளையும் மூடச் சொல்லி உயர் நீதிமன்றம் உத்தரவிட்டது. எங்கள் பட்டறையின் மின் இணைப்பும் போனது. நான் லண்டனுக்கு வந்த புதிது. "தோட்டத்துக்காரங்க நம்ம வயித்துல அடிச்சுப் போட்டாங்க" என்று அப்பா போனில் குமுறினார். நானும் அவர் பக்கம்தான் பேசினேன். டாலர் கொண்டுவருகிற ஊர், லட்சக்கணக்கான பேருக்குச் சோறு போடுகிற தொழில் என்றெல்லாம். அந்த வாதம் முழுக்கப் பொய் என்று இன்றைக்கும் நான் நினைக்கவில்லை. எதிர்சவ்வூடு பரவல் இயந்திரமும் ஆவியாக்கும் கலனும் வாங்க முடிந்தவர்கள் மீண்டு வந்தார்கள். அப்பாவைப் போல அடுத்தவர் துணிக்குக் கூலிக்குச் சாயம் போடும் ஜாப் ஒர்க் ஆட்கள் கடனோடு ஒதுங்கினார்கள். அக்கம்பக்கத்து மாவட்டங்களுக்கு நகர்ந்த பட்டறைகளும் உண்டு. தண்ணீர் அங்கேயும் பள்ளம் நோக்கித்தானே ஓடும்?

தெற்கு லண்டனில் நோர்பரிக்குக் குடிவந்தது வாடகைக்காக. பக்கத்துத் தார்ன்டன் ஹீத்தில் முருகன் கோயில், கொஞ்சம் தள்ளினால் டூட்டிங்கில் கறிவேப்பிலை, இரண்டு தெரு போவதற்குள் யாழ்ப்பாணத் தமிழ் காதில் விழும். நோர்பரி பூங்காவின் ஓரமாக ஓர் ஓடை போகிறது. பெயரும் நோர்பரி ஓடைதான். பெரும்பாலும் சிமென்ட் கால்வாய்க்குள் அடக்கி வைத்திருக்கிறார்கள். லண்டன் ரோட்டைத் தாண்டினால் அதற்கே கிரேவனி என்று பெயர். டூட்டிங் பக்கமாகப் போய் வாண்டில் ஆற்றில் கலக்கிறது. வாண்டில் வான்ட்ஸ்வர்த்தில் தேம்ஸில் சேர்கிறது. முதலில் பார்த்தபோது சாக்கடை என்று நினைத்து நடையைக் கூட்டினேன்.

வாண்டில் ஆற்றைச் சுத்தம் செய்யும் குழுவில் நான் சேர்ந்தது இயற்கைப் பற்றினால் அல்ல. ஞாயிற்றுக்கிழமை வீட்டில் உட்கார்ந்தால் வாட்ஸ்அப்பில் ஊரே இருக்கும், எதிரே பேச ஓர் ஆள் இருக்காது. கூட வேலை பார்த்தவள் கூப்பிட்டாள், போனேன். தேநீரும் கேக்கும் கொடுத்தார்கள், மறுபடியும் போனேன். நெஞ்சளவு வரும் ரப்பர் உடையை மாட்டிக்கொண்டு இறங்கி, கொக்கி கட்டிய கயிற்றை வீசி, சூப்பர் மார்க்கெட் தள்ளுவண்டி, டயர், மெத்தை, ஒரு தடவை ஒரு மோட்டார் சைக்கிள் என்று இழுத்துப் போடுவோம். கை வலிக்கும், முழங்கால் மரத்துப்போகும். ஆற்றைப் பற்றி உருக்கமாக யாரும் பேசுவதில்லை. தாய் என்றோ தெய்வம் என்றோ கூப்பிடுவதும் இல்லை. இவர்களுக்கு ஆற்றின் மேல் பக்தியே கிடையாதா என்றுகூட எனக்குத் தோன்றியது.

பூச்சி எண்ணுவதைக் கற்றுக்கொடுத்தபோதுதான் அந்த எண்ணம் மாறியது. வலையைத் தண்ணீரில் நிறுத்தி, அதற்கு மேற்புறமாக ஆற்றுப் படுகையைக் காலால் மூன்று நிமிடம் கிளற வேண்டும். வலையில் சேர்வதை வெள்ளைத் தட்டில் கொட்டி, நன்னீர் இறால், ஈசல் போன்ற மே ஈயின் இளம்புழு, மணலைக் கூடாகக் கட்டிக்கொள்ளும் கேடிஸ் புழு என எட்டு வகையைப் பிரித்து எண்ண வேண்டும். எண்ணிக்கை ஓர் அளவுக்குக் கீழே போனால் சுற்றுச்சூழல் முகமைக்குத் தகவல் போகும். மழையோ குளிரோ, தேதி வந்தால் ஆள் வந்து நிற்கும். எங்கள் வீட்டில் வருஷத்துக்கு ஒரு நாள் பூப்போட்டோம். மீதி நாளெல்லாம் ஆற்றில் என்ன உயிரோடு இருக்கிறது என்று எட்டிப் பார்த்ததில்லை. பக்தி குறைவாக இருந்ததால் நொய்யல் கெடவில்லை. எண்ணிப் பார்க்க ஆள் இல்லாததால் கெட்டது.

வாண்டிலின் பழைய கதையை மெர்ட்டன் ஆபி மில்ஸில் தெரிந்துகொண்டேன். பழைய நீர்ச்சக்கரம் இன்னும் சுற்றுகிற இடம் அது. பதினான்கு கிலோமீட்டர் சொச்சமே ஓடும் இந்த ஆற்றில் ஒரு காலத்தில் தொண்ணூறு ஆலைகள் வரை இயங்கியிருக்கின்றன. மாவு, மூக்குப்பொடி, செம்பு, தோல், எல்லாவற்றுக்கும் மேலே துணி. அந்தத் துணியில் நம் ஊர் இருக்கிறது. சோழமண்டலக் கரையிலிருந்து போன சீட்டித்துணி ஐரோப்பாவைப் பித்துப்பிடிக்க வைத்தது. சாயவேரின் சிவப்பு, அவுரியின் நீலம், படிகாரம் போட்டுக் கட்டிய நிறம், எத்தனை துவைத்தாலும் போகாது. இங்கிலாந்து நெசவாளர்கள் கலகம் செய்தார்கள். அச்சிட்ட இந்தியத் துணி இந்நாட்டில் இறங்கக் கூடாது என்று 1700இல் சட்டம் வந்தது. வெள்ளைத் துணியை வாங்கி இங்கேயே அச்சிடும் பட்டறைகள் பெருகின. அலச ஓடும் தண்ணீர், வெயிலில் விரித்து வெளுக்கப் புல்வெளி, இரண்டும் வாண்டில் கரையில் இருந்தன. துணி வடிவமைப்பாளர் வில்லியம் மாரிஸ் 1881இல் தன் பட்டறையை மெர்ட்டனுக்குக் கொண்டுவந்து அவுரிச் சாயம் போட்டார். 1884இல் ஒரு சீட்டித்துணி வடிவத்துக்கு வாண்டில் என்றே பெயர் வைத்தார். அந்தத் துணியின் படத்தைப் பார்த்தபோது எனக்கு முதலில் தோன்றியது, அலசின தண்ணீரை எங்கே விட்டிருப்பார் என்பதுதான். வளர்ப்பு அப்படி.

1960களில் வாண்டில் செத்த ஆறு. சாக்கடை என்று அதிகாரபூர்வமாகவே சொல்லிவிட்டார்கள். பிறகு கழிவுநீர் நிலையங்கள் மேம்பட்டன, சட்டங்கள் இறுகின, தன்னார்வலர்கள் வந்தார்கள், பள்ளிப் பிள்ளைகள் வகுப்பறைத் தொட்டியில் டிரவுட் மீன் குஞ்சு வளர்த்து ஆற்றில் விட்டார்கள். 2007 செப்டம்பரில் ஒரு கழிவுநீர் நிலையத்தில் இருந்து இறங்கிய குளோரின் ரசாயனம் ஆயிரக்கணக்கான மீன்களைக் கொன்றது. மறுபடி முதலில் இருந்து தொடங்கினார்கள். இதையெல்லாம் மனதாரப் பாராட்டுகிறேன். ஆனால் பாராட்டும்போது ஒன்றை விட்டுவிடுகிறார்கள். ஆலைகள் போனதாலும்தான் ஆறு தெளிந்தது. சாயம் போடுவதை உலகம் நிறுத்திவிடவில்லை, இடம் மாற்றியது. குரோய்டன் கடைகளில் தொங்குகிற மலிவு விலை டீ-சர்ட்டின் கழுத்துப் பட்டியைத் திருப்பிப் பாருங்கள். வாண்டிலில் டிரவுட் நீந்துகிறது என்றால், அதில் ஒரு பங்கு நொய்யல் கொடுத்தது.

போன வருடம் எதிர்வீட்டு அக்கா கூப்பிட்டு, "தங்கச்சி, ஒருக்கா வந்து இந்தக் கடிதத்தைப் பாருங்கோ" என்றார். சாவகச்சேரிக்காரர். இங்கே தெருவுக்கு அடியில் இரண்டு குழாய்கள். கக்கூஸ், குளியலறைத் தண்ணீர் ஒன்றில் சுத்திகரிப்பு நிலையத்துக்குப் போகும். மழைத்தண்ணீர் மற்றதில் நேரே ஓடைக்குப் போகும். வீட்டைப் பின்பக்கம் நீட்டிக் கட்டுகிறபோது துணி துவைக்கும் மெஷினின் குழாயை மழைக்குழாயில் செருகிவிட்டுப் போகிற வேலைக்காரர்கள் உண்டு. அக்கா வீட்டிலும் அப்படி இருக்கலாம் என்று தண்ணீர் நிறுவனத்துக்குச் சந்தேகம், கடிதம் அதற்குத்தான். சோதிக்க ஆள் வந்தார். மெஷின் குழாயில் பச்சைச் சாயத்தை ஊற்றினார். மூடியைத் திறந்து வைத்திருந்த மழைநீர்த் தொட்டியில் பச்சையாக வந்து இறங்கியது. அங்கிருந்து அது நோர்பரி ஓடைக்குத்தான் போகும். அந்த நிறத்தைப் பார்த்ததும் எனக்கு வயிற்றைப் பிசைந்தது. சாயத்தை ஊற்றி ஆற்றைக் காப்பாற்றும் காட்சி வாழ்க்கையில் அதுவரை பார்க்காதது.

"வீடு வாங்கேக்கயே இப்பிடித்தான் இருந்தது. இதுக்கும் நாங்களே காசு கட்ட வேணும்?" என்றார் அக்கா. கட்டத்தான் வேண்டும், திருத்துவது வீட்டுக்காரர் பொறுப்பு. "எங்கட ஒரு மெஷின் தண்ணியிலயே ஆறு பழுதாப் போகப் போகுது?" என்று என்னைக் கேட்டார். அப்பாவின் கேள்வி, யாழ்ப்பாணத் தமிழில். அப்பாவுக்கு நான் ஒருநாளும் பதில் சொன்னதில்லை. அக்காவிடம் சொன்னேன். இப்படி ஒவ்வொரு வீடாகச் சேர்ந்துதான் ஓடையில் சோப்பு நுரை போகிறது என்றேன், எங்கள் பட்டறைக் கதையையும் முழுக்கச் சொன்னேன். அவர் மனம் மாறிக் குழாயைத் திருத்தவில்லை. இரண்டாவது கடிதம் வந்த பிறகு பிளம்பரைக் கூப்பிட்டார். எனக்கு அதில் வருத்தம் இல்லை. நொய்யல் விவசாயிகளும் எங்கள் மனம் மாறட்டும் என்று காத்திருக்கவில்லை. கோர்ட்டுக்குப் போனார்கள். ஆற்றை நேசிக்கச் சொல்லிக்கொடுப்பது நல்ல காரியம். ஆனால் கடிதம் அனுப்புகிற ஆபீஸ் ஒன்று அதற்கு முன்னால் வேண்டும்.

ஆற்றுக் குழுவில் இருப்பவர்களிடமும் பட்டறைக் கதையைப் பிறகு சொன்னேன். யாரும் அதிர்ந்துபோகவில்லை. பெரியவர் ஒருவர் உப்பு எத்தனை மூட்டை என்று விசாரித்தார்.

அப்பாவுக்கு இப்போது வயதாகிவிட்டது. வாரக் கடைசியில் வீடியோ காலில் நான் வாண்டிலில் இறங்கி நிற்கும் படங்களைப் பார்ப்பார். "தண்ணி கடினமா, மெதுவா?" என்பது அவருடைய முதல் கேள்வி. சுண்ணக்கல்லில் ஊறி வருகிற தண்ணீர் என்றேன். "அப்ப ஷேடு மாறுமே, எப்படிச் சமாளிச்சான் அந்த மாரிஸு?" என்று அரை மணி நேரம் அவுரித் தொட்டியைப் பற்றியே பேசினார். பட்டறை மூடியதற்குப் பிறகு அவர் அவ்வளவு உற்சாகமாகப் பேசி நான் கேட்டதில்லை. மாரிஸின் நிறுவனம் 1940இல் மூடப்பட்டது என்று சொன்னேன். கொஞ்ச நேரம் யோசித்தார்.

"மீனு திரும்பி வந்ததெல்லாம் எழுதி வெச்சிருக்காங்க, செரி. அங்க அலசல் வேலை பாத்த ஆளுங்க என்ன ஆனாங்கன்னு எழுதி வெச்சிருக்காங்களா அம்மிணி?"

மிட்சம் என்ற இடத்தில் வாண்டில் தொழில் அருங்காட்சியகம் என்று ஒன்று இருக்கிறது, போய்க் கேட்டுச் சொல்கிறேன் என்றேன்.

"கூலி எவ்வளவுன்னும் கேளு" என்றார்.