ஸ்கேன் நார்மல்தானே... நாளைக்கு வேலைக்குப் போயிரலாமா சார்?

கேசுவால்டி டியூட்டியில் நான் அதிகமா கேட்கிற கேள்வி இதுதான். பைக்கிலிருந்து விழுந்தவர், சாரத்திலிருந்து சறுக்கியவர், பாத்ரூமில் வழுக்கியவர், எல்லாரும் சி.டி. ஸ்கேன் ரிசல்ட் தெரிஞ்ச அடுத்த நிமிஷம் கேட்பாங்க. "ரத்தக்கசிவு ஒண்ணும் இல்லைன்னுட்டாங்க சார். நாளைக்கு வேலைக்குப் போயிரலாம்ல?"

கூட்டத்துக்கு நடுவில் ரெண்டு நிமிஷத்தில் சொல்லி முடிக்கிற பதில் இல்லை இது. அதான் இங்கே எழுதுறேன். கொஞ்சம் நீளமான த்ரெட். பொறுமையா படிங்க.

சி.டி. ஸ்கேன் எதைப் பார்க்குது? எலும்பு முறிவு, ரத்தக்கசிவு, வீக்கம் மாதிரி உடனே உயிருக்கு ஆபத்தான விஷயங்களை. அதெல்லாம் இல்லைன்னா பெரிய நிம்மதி. ஆனா மூளை அதிர்வு, அதாவது கன்கஷன், அந்தப் படத்தில் தெரியாது. ஸ்கேன் நார்மலா இருக்கும்போதே கன்கஷனும் இருக்கலாம்.

உள்ளே நடக்கிறது இதுதான். மண்டையோட்டுக்குள்ள திரவத்தில் மிதந்துட்டு இருக்கிற மூளை, அடிபட்ட வேகத்தில் குலுங்குது. நரம்பு செல்களின் மெல்லிய இழைகள் இழுபடுது. செல்லுக்கு உள்ளே இருக்க வேண்டிய பொட்டாசியம் வெளியேயும், வெளியே இருக்க வேண்டிய கால்சியம் உள்ளேயும் போயிடுது. இதைச் சரிபண்ண செல்லுக்கு நிறைய சக்தி தேவை. ஆனா அந்த நேரத்தில் மூளைக்குப் போற ரத்த ஓட்டமும் குறையலாம். சம்பளம் பாதியா குறைஞ்ச மாசத்தில் வீட்டில் கல்யாணச் செலவும் வந்தா எப்படி இருக்கும்? கொஞ்ச நாளைக்கு மூளை அந்த நிலைமையில் இருக்கு.

அதனாலதான் தலைவலி, கிறுகிறுப்பு, குமட்டல், வெளிச்சத்தில் கண் கூசுறது, சத்தம் தாங்க முடியாம போறது, சொன்னது மறக்குறது, சின்ன விஷயத்துக்கும் எரிஞ்சு விழுறது எல்லாம். மயக்கம் போட்டு விழுந்திருந்தால்தான் கன்கஷன் என்று இல்லை. பெரும்பாலானவங்களுக்கு நினைவு தப்புறதே இல்லை.

அறிகுறி உடனே வரணும்னும் இல்லை. 2019 ஆகஸ்ட், லார்ட்ஸ் ஆஷஸ் டெஸ்ட் ஞாபகம் இருக்கா? ஆர்ச்சர் போட்ட பவுன்சர் ஸ்டீவ் ஸ்மித்தின் கழுத்தில் பட்டது. 80 ரன்னில் வெளியே போனார். பரிசோதனையில் தேறி, திரும்பி வந்து 92-ல் அவுட் ஆனார். மறுநாள் காலையில்தான் தலைவலியும் மந்தமும் வந்தது. அவருக்குப் பதிலா லபுஷேன் இறங்கினார். டெஸ்ட் வரலாற்றிலேயே முதல் கன்கஷன் மாற்று வீரர் அவர். ஸ்மித் அடுத்த டெஸ்ட்டும் ஆடலை. கூடவே டீம் டாக்டர் இருக்கிற ஆளுக்கே அடுத்த நாள்தான் தெரிஞ்சது. நம்ம ஊர்ல விழுந்து எழுந்து, தூசி தட்டிட்டு, டீ குடிச்சுட்டு வண்டியை எடுக்கிறவங்களை நினைச்சுப் பாருங்க.

சரி, என்ன செய்யணும்?

முதல் 24 முதல் 48 மணி நேரம்: ஓய்வு. ஆனா இருட்டு அறையில் போர்த்திப் படுக்கிற ஓய்வு இல்லை. அந்தப் பழைய அறிவுரை இப்போ மாறிடுச்சு. வீட்டுக்குள்ள நடக்கலாம், குளிக்கலாம், சாப்பிடலாம், பேசலாம். இந்த ரெண்டு நாளைக்கு செல்போனை மட்டும் முடிஞ்சவரை தள்ளி வைங்க. "தலையில அடிபட்டவங்களைத் தூங்க விடக்கூடாது"ன்னு ராத்திரி முழுக்க உலுக்கிட்டே இருப்பாங்க. டாக்டர் பார்த்து, வீட்டுக்குப் போகலாம்னு சொல்லிட்டா தாராளமா தூங்கலாம். தூக்கம்தான் மருந்து. முதல் ராத்திரி கூட ஒருத்தர் இருக்கணும், அவ்வளவுதான்.

குடி வேண்டாம். வலிக்கு பாராசிட்டமால் போதும். மெடிக்கலில் செட் மாத்திரை வாங்கிப் போடாதீங்க. வாரக்கணக்கில் தினமும் வலி மாத்திரை போட்டா, அந்த மாத்திரையே தலைவலியைக் கொண்டு வரும்.

மூணாவது நாளிலிருந்து: கொஞ்சம் கொஞ்சமா கூட்டணும். முதலில் நடை, வீட்டு வேலை. அப்புறம் பாதி நாள் வேலை. அப்புறம் முழு நாள். கனமான வேலை கடைசியில்.

எவ்வளவு கூட்டலாம்னு எப்படித் தெரியும்? வேலைக்கு முன்னாடி உங்க தலைவலிக்கு 10-க்கு எத்தனை மார்க்னு நீங்களே போடுங்க. வேலை செய்யும்போது அது 2 மார்க்குக்கு மேல ஏறாம, ஒரு மணி நேரத்துக்குள்ள அடங்கிட்டா, தொடரலாம். அதைவிட ஏறினா, இல்லை அடங்கவே இல்லைன்னா, அன்னைக்கு நிறுத்துங்க. மறுநாள் ஒரு படி கீழே இறங்கி ஆரம்பிங்க. பெரும்பாலான பெரியவங்களுக்கு ரெண்டு வாரத்தில் நல்லா குறைஞ்சிடும். ஒரு மாசம் தாண்டியும் இருந்தா திரும்ப டாக்டரைப் பாருங்க.

இப்போ முக்கியமான இடத்துக்கு வர்றேன். "எப்போ வேலைக்குப் போகலாம்?" என்ற கேள்வியோட "எந்த வேலை?" என்றும் கேட்கணும். கம்ப்யூட்டர் முன்னாடி இருக்கிறவருக்குத் தலை சுற்றினா நாற்காலியில் சாயலாம். பெயின்டருக்குச் சாரத்து மேல தலை சுற்றினா?

ஒரு பெயின்டர் அண்ணன் விழுந்து அஞ்சு நாள் கழிச்சு ஓ.பி.க்கு வந்தார். "ஏறி நின்னா கிர்ருன்னு வருது சார். மேஸ்திரி, ஸ்கேன்லதான் ஒண்ணுமில்லையே, நடிக்கிறியான்னு கேக்குறார்." ரெண்டு வாரம் முழு ஓய்வு எடுங்கன்னு நான் எழுதிக் கொடுக்கலாம். தினக்கூலிக்கு அது வெறும் பேப்பர். அதனால இப்படி எழுதினேன்: "இரண்டு வாரத்துக்கு உயரத்தில் வேலை கூடாது. தரையில் நின்று செய்யும் வேலை செய்யலாம்." மேஸ்திரி அவரைக் கீழே பட்டி பார்க்கவும் உப்புத்தாள் தேய்க்கவும் விட்டிருக்கார். அடுத்த தடவை வந்தப்போ சொன்னார்: "கூலி கொஞ்சம் குறைஞ்சுது சார். ஆனா அடுப்பு எரிஞ்சுது."

அதனால டாக்டர்கிட்ட கேளுங்க: "எந்த வேலை செய்யலாம், எது கூடாதுன்னு எழுதிக் கொடுங்க சார்." உயரம், ஓடுற மெஷின், மூட்டை தூக்குறது, கிணறு, மரம் ஏறுறது எல்லாம் அறிகுறி முழுசா போன பிறகுதான். வண்டி ஓட்டுறது முதல் 24 மணி நேரம் கண்டிப்பா கூடாது. அதுக்கப்புறமும் கிறுகிறுப்போ பார்வை மங்கலோ இருக்கிறவரை சாவியை வீட்டில் கொடுத்துடுங்க. மூளை ஆறுறதுக்குள்ள இன்னொரு அடி பட்டா பாதிப்பு பல மடங்கு ஆகலாம்.

இ.எஸ்.ஐ. இருக்கிறவங்க லீவுக்குப் பயப்பட வேண்டாம். வேலையில் நடந்த விபத்துன்னா, வேலை செய்ய முடியாத நாட்களுக்குச் சம்பளத்தில் 90 சதவீதம் வரை உதவித்தொகை உண்டு. மற்ற உடல்நலக் குறைவுக்கு 70 சதவீதம், வருஷத்துக்கு 91 நாள் வரை. சான்றிதழ் வாங்க மறக்காதீங்க.

பிள்ளைங்களுக்கு: முதலில் பள்ளிக்கூடம், அப்புறம்தான் கிரவுண்ட். மேட்ச்சில் அடிபட்டா அன்னைக்கு ஆட்டம் முடிஞ்சது. ஃபைனலா இருந்தாலும்.

ஸ்கேன் நார்மலா இருந்தாலும் இதில் ஒண்ணு வந்தா உடனே ஆஸ்பத்திரி, ராத்திரி ரெண்டு மணியானாலும்: திரும்பத் திரும்ப வாந்தி, ஏறிக்கிட்டே போற தலைவலி, வலிப்பு, எழுப்பினா எழாத தூக்கம், குழறும் பேச்சு, கை கால் பலவீனம், ஆளையோ இடத்தையோ தெரியாம பேசுறது, மூக்கு அல்லது காதில் தண்ணி மாதிரி வடியுறது. 108-ஐக் கூப்பிடுங்க.

வீட்டில் வயசானவங்க, ரத்தம் உறையாம இருக்க மாத்திரை சாப்பிடுறவங்க, தினமும் குடிக்கிறவங்க இருந்தா இன்னும் கவனம். லேசான அடிதான், மூணு வாரம் ஆச்சு, இப்போ திடீர்னு தடுமாறி நடக்குறார், பேச்சு முன்ன பின்ன இருக்குன்னா, "வயசாயிடுச்சு"ன்னு விட்டுடாதீங்க. மெதுவா ரத்தம் சேர்ந்திருக்கலாம். நேரத்தோட வந்தா சரிபண்ண முடியும்.

கடைசியா மேஸ்திரி, சூப்பர்வைசர், மேனேஜர், வீட்டில் இருக்கிறவங்க எல்லாருக்கும் ஒரு வார்த்தை. கையில் மாவுக்கட்டு போட்டவரை யாரும் மூட்டை தூக்கச் சொல்ல மாட்டோம். கன்கஷனுக்கு மாவுக்கட்டு கிடையாது. "தலை சுத்துது, இன்னைக்கு மேல ஏறலை"ன்னு ஒருத்தர் சொன்னா நம்புங்க. கீழே ஒரு வேலை கொடுங்க.

உங்க சைட் வாட்ஸ்அப் குரூப் இருந்தா இதை அங்கே ஒரு தடவை போட்டுவிடுங்க.