முப்பும் கையெழுத்தும்

சித்தர் பாடல்களில் முப்பு என்ற பொருளின் உபயோகங்களைப் பற்றி யாருக்கும் சந்தேகம் இல்லை. பாதரசத்தை ஓடவிடாமல் கட்டும். செம்பைப் பொன்னாக்கும். பாஷாணத்தின் விஷத்தை முறித்து மருந்தாக்கும். நரை, திரை, மூப்பு போக்கும். கட்டிய ரசத்தைக் குளிகையாக்கி வாயில் அடக்கினால் ஆகாயத்தில் போகலாம்; போகர் சீனம் போய்வந்தது அப்படித்தான் என்பார்கள். இவ்வளவு திட்டமான உபயோகங்கள் உள்ள பொருள் எது என்பதுதான் தெரியாது. பூநீறு, கல்லுப்பு, அண்டக்கல் என்று மூன்று உப்பைச் சொல்கிறார் ஒருவர். பூநீறு உவர் நிலத்தில் பௌர்ணமியை ஒட்டிய இரவுகளில் பூப்பது. அள்ளிக்கொண்டு வரலாம். அண்டத்தில் தகராறு ஆரம்பமாகிறது. முட்டை ஓடு, மண்டை ஓடு, சுண்ணாம்புக் கல், ஆளுக்கொன்று. உப்பே இல்லை, மூச்சைச் சொன்னது என்பவர்களும் உண்டு. வாத முப்பு, வைத்திய முப்பு, யோக முப்பு என்று பிரித்து ஒரு சமரசமும் செய்து வைத்திருக்கிறார்கள்.

இந்த மறைப்புக்குப் பெயர் பரிபாஷை. டி. வி. சாம்பசிவம் பிள்ளையின் தமிழ்-ஆங்கில மருத்துவ அகராதி 1931இல் வெளிவரத் தொடங்கியது. ஒரு சொல்லுக்குக் கிடைத்த அர்த்தங்களையெல்லாம் வரிசையாகக் கொடுத்துவிட்டு அது நகர்ந்துவிடும். பிள்ளை போலீஸ் இலாகாவில் உத்தியோகம் பார்த்தவர். எல்லாச் சாட்சியையும் பதிவு செய்துவிட்டுத் தீர்ப்பைக் கோர்ட்டுக்கு விட்டுவிடும் புத்தி அதில் இருப்பதாக எனக்குத் தோன்றும்.

கவிதையில் இருண்மைக்காக நான் நிறைய வக்காலத்து வாங்கியிருக்கிறேன். பரிபாஷையை அதற்கு முன்னோடியாகக் காட்டியும் எழுதியிருக்கிறேன். அப்போது தேவாரத்துப் பெரியப்பா ஞாபகத்துக்கு வரவில்லை என்றால் பொய். வந்தார். கட்டுரைக்கு இடைஞ்சல் என்று விட்டுவிட்டேன்.

அவர் ஏலத்தோட்டங்களுக்குக் கணக்கு எழுதியவர். சாக்கலூத்து மெட்டுக்குப் போகும் பாதையில் ஏறி இறங்கியே பாதி ஆயுசு போயிற்று. கீழே தேவாரத்தில் வெயில் காயும். மேலே மேகம் மேய்ந்துகொண்டிருக்கும். கணக்குப் பார்க்கப் போன மலையில் பச்சிலை தேட ஆரம்பித்தார். பிறகு வீட்டுக் கொல்லையில் அடுப்பு, மூசை, துருத்தி. லிங்கத்தைச் சுட்டு ரசம் இறக்குவார். பள்ளிக்கூட லீவில் துருத்தி ஊதுவது என் வேலை. சிந்திய ரசம் தரையில் மணிமணியாக உருண்டு ஓடும், காகிதத்தால் கூட்டினால் ஒன்றோடொன்று சேர்ந்து ஒரே துளியாகிவிடும். மாயம் என்ற சொல்லுக்குப் பக்கத்தில் வரும்படி நான் பார்த்த பொருள் அது ஒன்றுதான். பெரியம்மாவின் தோடு ஒருநாள் மூசைக்குள் போயிற்று. அதைப்பற்றி வீட்டில் பேசுவதில்லை.

2019இல் ஏலக்காய் கிலோ ஏழாயிரம் ரூபாய் வரை ஏலம் போயிற்று. செடி பொன்னானதை ஊரே வாய் பிளந்து பார்த்தது. பெரியப்பாவுக்கு அதில் சிரத்தை இல்லை.

ரஸவாதம் முழுப் பொய் என்றும் சொல்ல முடியாது. பாதரசத்தின் அணு எண் 80, தங்கம் 79. 1941இல் ஹார்வர்டில் நியூட்ரான்களை மோதவிட்டுப் பாதரசத்திலிருந்து தங்கம் எடுத்தார்கள். கதிரியக்கத் தங்கம், சில நாட்களில் சிதைந்துபோவது. இதைப் பெரியப்பாவிடம் சொன்னபோது முதல் பாதியை மட்டும் கேட்டுக்கொண்டார்.

பாதரச ஆவியை வெகுகாலம் சுவாசித்தால் கை நடுங்கும், எழுத்துக் கோணும், காரணமில்லாமல் கோபமும் கூச்சமும் வரும். ஐரோப்பாவில் தொப்பி செய்த தொழிலாளிகளுக்கு வந்ததுதான். பெரியப்பாவுக்கு வந்தது அதுவா, வயசா என்று டாக்டர் திட்டமாகச் சொல்லவில்லை. புரியாத கவிதைக்கு வாசகன் கொடுப்பது ஒரு சாயங்காலம். நிலவறையில் ஒளித்துவைத்ததைப் போல ஒரு பொருளை வார்த்தைக்குள் ஒளித்துவைத்தவர்கள், தேடி வருபவன் எதைக் கொடுப்பான் என்று நினைத்துப் பார்த்தார்களா தெரியவில்லை. நானும் என் கட்டுரையில் அதை யோசிக்கவில்லை.

போன வருஷம் பணம் எடுக்க நான் வேலை பார்க்கும் கிளைக்கு வந்தார். திரையில் அவருடைய பழைய கையெழுத்து: கணக்குப்பிள்ளையின் கையெழுத்து, முத்து முத்தாக. படிவத்தில் இருந்தது வேறு. இன்னொரு படிவம் கொடுத்தேன். அதுவும் சேரவில்லை. மூன்றாவதில் பேனா காகிதத்தைக் கிழித்துவிட்டது.

"பெரியப்பா, கைநாட்டு வச்சிருவோம். சாட்சிக்கு ஆள் கூப்பிடுறேன்."

என்னையே பார்த்தார். பிறகு பெருவிரலை நீட்டினார். அந்த விரலை நான்தான் பிடித்து மையில் உருட்டினேன்.

"எழுதப் படிக்கத் தெரிஞ்சவன்னு பக்கத்துல எழுதிருப்பா."

அதற்குப் படிவத்தில் இடம் கிடையாது.

மையைத் துடைத்துக்கொண்டே கேட்டார்: "உங்கிட்ட அந்த இங்கிலீஷ் அகராதி இருக்குல்ல. அண்டத்துக்கு அதுல என்ன போட்டிருக்கு?"

"நெறய அர்த்தம் போட்டிருக்கு பெரியப்பா."

"அது கெடக்கட்டும். நீ படிச்சவன். நீ என்ன நெனக்கிற?"

பின்னால் நின்றவர் இருமினார். அடுத்த டோக்கனை அழுத்தினேன்.